தேங்காய்க்கு மூன்று கண்

வாசகர் கேள்வி – பதில்

போன மாத இதழில் எலும்பை அளப்பது பற்றி இரண்டு பக்கம் எழுதியிருந்தேன். 31 வருஷம் காலிப்பர் என்ற அளவுக்கருவியும் கையுமாக இருந்து ஓய்வுபெற்றவள் எழுதுவதை யார் படிக்கப்போகிறார்கள் என்றுதான் நினைத்தேன். ஆசிரியர் ஒரு மஞ்சப்பை நிறையக் கடிதம் அனுப்பிவிட்டார். எல்லாவற்றுக்கும் இங்கே இடமில்லை. ஒரே கேள்வியைப் பலர் கேட்டிருந்தால் ஒருவருடையதை மட்டும் எடுத்துக்கொண்டேன்.

மண்டையோட்டின் நீளம், அகலம், உயரம் அளந்தால் போதாதா? "வடிவத்தை அளக்கிறோம்" என்று எழுதியிருந்தீர்கள். வடிவம் என்று தனியாக எதை அளப்பீர்கள்?
*– கல்லூரி மாணவர், பாளையங்கோட்டை*

அடுக்களைக்குப் போய் இரண்டு தேங்காய் எடுத்துக்கொள்ளுங்கள் தம்பி. ஒன்று பெரிசு, ஒன்று சின்னது. இரண்டும் ஒரே வடிவமா என்று கேட்டால் என்ன செய்வீர்கள்? உங்களை அறியாமலே மூன்று காரியம் செய்வீர்கள். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைப்பீர்கள். கண் இருக்கும் பக்கம் ஒரே திசையில் வரும்படி திருப்புவீர்கள். பெரியதை மனசுக்குள் கொஞ்சம் சுருக்கிப் பார்ப்பீர்கள். இடம், திருப்பம், பருமன் மூன்றையும் கழித்த பிறகும் ஒரு வித்தியாசம் மிச்சம் நிற்கும் பாருங்கள், அதுதான் வடிவம். இதையே கணக்காக எழுதிக் காட்டியவர் இங்கிலாந்தின் டேவிட் கெண்டல். எங்கள் துறை இன்று நிற்பது அந்த வரையறையின் மேல்தான்.

இப்போது உங்கள் நீள அகலத்துக்கு வருகிறேன். 1840-களில் ஸ்வீடனின் ஆண்டர்ஸ் ரெட்சியஸ் மண்டையின் அகலத்தை நீளத்தால் வகுத்து நூறால் பெருக்கினார். 75-க்குக் கீழே வந்தால் நீள்தலை, 80-க்கு மேலே போனால் அகலத்தலை. சுலபமான கணக்கு என்பதால் நூறு வருஷம் உலகமே அதைப் பிடித்துக்கொண்டு தொங்கியது. ஆனால் 78 என்று வரும் இரண்டு மண்டைகளை என் மேசையில் வைத்துப் பார்த்திருக்கிறேன். ஒன்றின் அகலம் காதுக்குச் சற்று மேலே இருந்தது, இன்னொன்றின் அகலம் உச்சிக்குப் பக்கத்தில். பின்னாலிருந்து பார்த்தால் ஒன்று கவிழ்த்த பானை, மற்றது பம்பரம். எண் மட்டும் ஒன்றே. புடவை ஐந்தரை மீட்டர் என்று சொன்னால் முந்தானை எப்படி என்று தெரியுமா என்ன?

அதனால் நாங்கள் நீளத்தை விட்டுவிட்டுப் புள்ளிகளுக்குப் போனோம். எல்லா மண்டையிலும் தப்பாமல் இருக்கும் இடங்கள் வேண்டும். தேங்காய்க்கு மூன்று கண் இருக்கிற மாதிரி. பச்சைக்குழந்தையின் உச்சிக்குழி தெரியுமல்லவா, பாட்டி எண்ணெய் வைக்கும் இடம். அது மூடிய பிறகு நெற்றியெலும்பும் இரண்டு பக்கவாட்டு எலும்புகளும் அங்கே சந்திக்கும். அந்தச் சந்திப்புக்கு பிரெக்மா என்று பெயர். மூக்குத்தண்டு நெற்றியில் ஏறும் இடம் நேசியான். காதுக்குப் பின்னால் தடவினால் தட்டுப்படும் மேட்டின் நுனி இன்னொன்று. இவை லேண்ட்மார்க்குகள். ஒவ்வொன்றுக்கும் மூன்று எண்கள்: இடவலம், முன்பின், மேல்கீழ். 40 புள்ளி வைத்தால் ஒரு மண்டைக்கு 120 எண்.

அப்புறம் கம்ப்யூட்டர் நீங்கள் தேங்காயில் செய்ததைத்தான் செய்கிறது. புள்ளிக்கூட்டத்தின் நடுமையத்தை எல்லாவற்றுக்கும் ஒரே இடத்தில் வைக்கும். நடுமையத்திலிருந்து ஒவ்வொரு புள்ளியும் எவ்வளவு தூரம் என்று பார்த்து, அந்தத் தூரங்களை வர்க்கப்படுத்திக் கூட்டி, வர்க்கமூலம் எடுத்தால் ஓர் எண் வரும். அது பருமன். அந்த எண்ணால் எல்லாவற்றையும் வகுத்து ஒரே பருமனுக்குக் கொண்டுவரும். பிறகு ஒத்த புள்ளிகள் ஒன்றையொன்று முடிந்தவரை நெருங்கும் வரை சுழற்றும். இதற்கு ப்ரோக்ரஸ்டீஸ் என்று பெயர். கிரேக்கக் கதையில் வருகிற ஒரு பாதகன் அவன். வந்த விருந்தாளியைக் கட்டிலில் படுக்கவைத்து, குள்ளமானால் இழுத்து நீட்டுவான், நெட்டையானால் காலை நறுக்குவான். கணிதக்காரர்களுக்கும் நகைச்சுவை உண்டு.

பருமனைக் கழித்தோம் என்றால் குப்பையில் போட்டோம் என்று அர்த்தமில்லை. தனியாக எழுதி வைத்துக்கொள்வோம். மண்டை பெரிதாக ஆக முகத்தின் வடிவமே மாறுகிறதா என்று பார்க்க அது வேண்டும். ஆணுக்கும் பெண்ணுக்கும் இடையில் தெரியும் வடிவ வித்தியாசத்தில் ஒரு பங்கு வெறும் பருமனால் வருவது.

ஒரு சிக்கல் மிச்சம். தேங்காயின் கண்ணைத் தாண்டினால் வழவழ ஓடு. மண்டையும் அப்படித்தான். முகத்தில் புள்ளிகள் நெருக்கியடித்துக் கிடக்கும், நெற்றியிலிருந்து பிடரி வரை வெட்டவெளி. அங்கே வளைவின் மேல் வரிசையாகப் புள்ளி தூவி, அவை வளைவோடு வழுக்கி ஓடித் தமக்குப் பொருந்தும் இடத்தில் நிற்கும்படி கணக்குச் செய்கிறார்கள். இது வந்த பிறகுதான் மண்டையின் உருண்டையைத் துல்லியமாகப் பேச முடிந்தது. மொராக்கோவின் ஜெபல் இர்ஹூத் குகையில் ஏறத்தாழ 3 லட்சம் வருஷத்துக்கு முந்தைய மண்டைகள் கிடைத்தன. 2017-இல் விவரம் வெளியானது. முகம் ஏறக்குறைய நம் முகம். மூளைப்பெட்டியோ இன்னும் நீளவாக்கில் தட்டையாக இருந்தது. நம் தலையின் உருண்டை பிற்காலத்தில் மெல்ல மெல்ல வந்தது என்று ஜெர்மனியின் லைப்சிக்கில் இருக்கும் குழு இந்தப் புள்ளிக்கணக்கை வைத்தே 2018-இல் எழுதியது. மூளையின் பருமன் அதற்கு வெகுமுன்பே நம் அளவுக்கு வந்துவிட்டது. காலிப்பரும் ரெட்சியஸ் கணக்கும் மட்டும் இருந்திருந்தால் இதை இத்தனை துல்லியமாகச் சொல்லியிருக்க முடியாது.

குழந்தைக்கு மூன்று மாதம். தினமும் குளிப்பாட்டும்போது மாமியார் தலையை உருட்டி, மூக்கை நீவி விடுகிறார். "அப்பத்தான் தலை அழகா உருண்டையா வரும்" என்கிறார். நிஜமா?
*– வாசகி, கோபிசெட்டிபாளையம்*

எனக்கும் நீவித்தான் விட்டார்கள். என் மூக்கைப் பார்த்தால் நீங்களே முடிவுக்கு வந்துவிடுவீர்கள்.

தலையெலும்பு அழுத்தத்துக்கு வளையும் என்பது உண்மைதான். ஆனால் மணிக்கணக்கில், மாதக்கணக்கில் ஓயாத அழுத்தம் வேண்டும். பெருவின் பழங்குடிகள் குழந்தையின் தலையைத் துணியால் இறுகக் கட்டி வளர்த்தார்கள். அந்த மண்டைகள் கூம்பாக நீண்டிருக்கும். அமெரிக்காவில் 1990-களில் குழந்தையை மல்லாக்கப் படுக்கவையுங்கள் என்று பிரசாரம் செய்தார்கள். தூக்கத்தில் நேரும் திடீர் மரணங்கள் குறைந்தன, பின்மண்டை தட்டையான குழந்தைகள் அதிகமாயின. இரண்டு நிமிட உருட்டல் அந்தக் கணக்கில் சேராது. மூக்கின் நுனி எலும்பே இல்லை, குருத்தெலும்பு.

இதை ஒட்டி ஒரு பழைய வழக்கு உண்டு. மானுடவியலாளர் ஃபிரான்ஸ் போவாஸ் 1908 முதல் 1910 வரை நியூயார்க்கில் வந்து குடியேறியவர்களையும் அவர்கள் பிள்ளைகளையும் ஏறக்குறைய 18,000 பேரை அளந்தார். கிழக்கு ஐரோப்பிய யூதர்களின் அகலத்தலை அமெரிக்காவில் பிறந்த பிள்ளைகளிடம் சற்று நீண்டது. தென் இத்தாலியரின் நீள்தலை சற்று நீளம் குறைந்தது. தலை வடிவம் ரத்தத்தில் எழுதிவைத்தது என்று நம்பியவர்களுக்கு அது பெரிய அடி. 90 வருஷம் கழித்து 2002-இல் ஒரு குழு அதே எண்களை எடுத்து, மாற்றம் மிகச் சிறியது என்றது. அடுத்த வருஷமே இன்னொரு குழு, போவாஸ் சொன்னது பெரும்பாலும் சரிதான் என்றது. சண்டை இன்னும் ஓயவில்லை. எனக்குப் பிடித்தது வேறு விஷயம். அந்த மனிதர் 1928-இல் தம் எண்கள் முழுவதையும் அச்சிட்டுக் கொடுத்துவிட்டார், யார் வேண்டுமானாலும் சரிபார்த்துக்கொள்ளட்டும் என்று. அதனால்தான் இந்தச் சண்டையே நடக்கிறது.

மாமியாரிடம் சண்டைக்குப் போகாதீர்கள். உருட்டல் மிருதுவாக இருக்கட்டும், மூக்கில் எண்ணெய் மட்டும் விட வேண்டாம். தலை ஒரு பக்கம் கோணலாகிக்கொண்டே போனாலோ, உச்சிக்குழி மிகச் சீக்கிரம் மூடிவிட்டதாகத் தோன்றினாலோ குழந்தை மருத்துவரிடம் காட்டுங்கள். மண்டை எலும்புகள் சேரும் தையல் போன்ற கோடுகள் முன்கூட்டியே ஒட்டிக்கொள்வது என்று ஒன்று உண்டு. அது வைத்தியம் வேண்டிய விஷயம்.

கொந்தகை மண்டையோடுகளுக்கு முகம் கொடுத்துப் படம் வந்ததே! அது நிஜமாகவே அந்த மனிதரின் முகமா?
*– வாசகர், திருப்புவனம்*

உங்கள் ஊருக்குப் பக்கத்து மனிதர்கள், உங்களுக்கு ஆவல் இருக்காதா! கீழடியை ஒட்டிய கொந்தகை இடுகாட்டில் கிடைத்த இரண்டு ஆண் மண்டையோடுகளுக்கு இங்கிலாந்தின் லிவர்பூல் ஜான் மூர்ஸ் பல்கலைக்கழகத்தின் ஃபேஸ் லேப் முகம் செய்தது. மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தோடு சேர்ந்து செய்த வேலை. 2025-இல் படங்கள் வெளிவந்தன. நானும் செல்பேசியில் பெரிசு பண்ணிப் பண்ணிப் பார்த்தேன்.

இந்த வித்தை ஜெர்மனியில் தொடங்கியது. 1890-களில் லைப்சிக்கில் இசைமேதை பாக்கின் கல்லறை என்று நம்பிய ஒன்றைத் திறந்தார்கள். உடற்கூறியலாளர் வில்ஹெல்ம் ஹிஸ், ரப்பர் துண்டு கோத்த ஊசியைப் பிணங்களின் முகத்தில் எலும்பு தட்டும் வரை குத்தி, எந்த இடத்தில் எவ்வளவு சதை என்று அளந்தார். அந்தச் சராசரியை மண்டையோட்டின் மேல் வைத்து ஒரு சிற்பி முகம் செய்தார். இன்றும் அடிப்படை அதுதான். ஊசிக்குப் பதில் ஸ்கேன், களிமண்ணுக்குப் பதில் கம்ப்யூட்டர்.

சராசரி என்ற சொல்லைப் பிடித்துக்கொள்ளுங்கள். முகத்தின் நீள அகலம், கண்குழிகளுக்கு இடையிலான தூரம், தாடை, நெற்றிச் சரிவு, பல் துருத்தல் இவை எலும்பு சொல்வது. அங்கே நம்பலாம். மூக்கின் அகலத்தை எலும்புத் துவாரத்திலிருந்து கணிக்க ஒரு வாய்ப்பாடு வைத்திருக்கிறார்கள், சுமார். உதட்டின் தடிமன், காதுமடல், இமை, முடி, சுருக்கம், நிறம் எதையும் எலும்பு சொல்லாது. நிறத்துக்கு டி.என்.ஏ. கிடைத்தால் ஓரளவு சொல்லலாம். ஆக அவருடைய பேரன் எழுந்து வந்து பார்த்தால் "தாத்தா மாதிரி இருக்கே" என்பார். "தாத்தாதான்" என்பாரா என்பதற்கு நான் உத்தரவாதம் தரமாட்டேன்.

மண்டையோட்டைப் பார்த்து இனம், சாதி சொல்லிவிடலாம் என்று என் நண்பர் சாதிக்கிறார்.
*– ஓய்வுபெற்ற தலைமையாசிரியர், கும்பகோணம்*

உங்கள் நண்பருக்கு முன்பே ஒரு பெரிய அதிகாரி சாதித்தார். ஹெர்பர்ட் ரிஸ்லி, 1901 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின் ஆணையர். மூக்கின் அகலத்தை உயரத்தால் வகுத்து, மூக்கு அகல அகல சமூகத்தில் தட்டு இறங்கும் என்று எழுதினார். 1932-இல் கோவிந்த் சதாசிவ் குர்யே ரிஸ்லியின் எண்களையே எடுத்துப் பார்த்து, வட இந்தியாவின் ஒரு பகுதியைத் தாண்டினால் அந்த வரிசை நிற்கவில்லை என்று காட்டினார். நம் பக்கம் இதே காலத்தில் காலிப்பரோடு அலைந்தவர் சென்னை அருங்காட்சியகத்தின் எட்கர் தர்ஸ்டன். 1909-இல் ஏழு தொகுதியாக வந்த நூலின் முன்னுரையில் அவரே ஒரு சம்பவம் சொல்கிறார். வயநாட்டுப் பணியப் பெண்கள் அவரைக் கண்டதும் ஓடிவிட்டார்களாம். தங்களில் நல்லவர்களாகப் பார்த்துப் பஞ்சடைத்து மெட்ராஸ் மியூசியத்தில் வைக்கப்போகிறார் என்று பயம். தர்ஸ்டன் இதை வேடிக்கையாகத்தான் எழுதியிருக்கிறார். அவர்கள் ஓடியதில் எனக்குத் தப்பு தெரியவில்லை.

அமெரிக்காவில் அதற்கும் முன்பு சாமுவேல் மார்ட்டன். ஃபிலடெல்ஃபியாவில் நூற்றுக்கணக்கான மண்டையோடுகளைச் சேர்த்து, முதலில் விதை போட்டும் பிறகு ஈயக் குண்டு போட்டும் நிரப்பி, கொள்ளளவு பார்த்து இனங்களை வரிசைப்படுத்தினார். 1978-இல் ஸ்டீஃபன் ஜே கூல்ட், மார்ட்டன் தம் விருப்பத்துக்கேற்ப அறியாமலே எண்ணை வளைத்தார் என்றார். 2011-இல் ஒரு குழு அந்த மண்டைகளில் 308-ஐ மறுபடி அளந்து, மார்ட்டனின் அளவுகள் மொத்தத்தில் சரிதான் என்றது. அதைப் படித்துவிட்டு "பார்த்தீர்களா!" என்று குதித்தவர்கள் உண்டு. எதற்குக் குதிக்க வேண்டும்? படி சரியாக இருந்தால் கடைக்காரர் சொல்லும் கதையும் சரியாகிவிடுமா? மண்டையின் கொள்ளளவு உடலின் பருமனோடும், ஆண் பெண் விகிதத்தோடும், குளிர்நாடு வெப்பநாடு என்பதோடும் மாறும். அறிவின் தரவரிசை அதற்குள் இல்லை. யாரைக் கேட்டு அந்தத் தலைகளைக் கல்லறையிலிருந்து எடுத்தார்கள் என்ற கேள்வியும் இருக்கிறது. அந்தச் சேகரிப்பை வைத்திருக்கும் பென் மியூசியம் 2021-இல் மன்னிப்புக் கேட்டது.

சரி, மண்டையில் ஊருக்கு ஊர் வித்தியாசமே இல்லையா? இருக்கிறது. வில்லியம் ஹவல்ஸ் என்ற அமெரிக்கர் உலகம் சுற்றி 2,500-க்கு மேற்பட்ட மண்டைகளில் தலைக்கு 57 அளவு எடுத்தார். எல்லாவற்றையும் தம் கையாலேயே எடுத்தார் என்பதுதான் இதில் பெரிய விஷயம். கடைசியில் எண்களை எல்லோருக்கும் இலவசமாகக் கொடுத்துவிட்டார். அவற்றை வைத்து ஜான் ரெலத்ஃபோர்ட் 2002-இல் கணக்குப் பார்த்தார். மொத்த வேறுபாட்டில் கண்டங்களுக்கு இடையே இருப்பது 13 சதவீதம்தான். 81 சதவீதம் ஒரே ஊர்க்காரர்களுக்குள்ளேயே இருக்கிறது. தோல் நிறத்தில் இது தலைகீழ், கண்டங்களுக்கு இடையே 88. கண்ணுக்கு முதலில் படுவது நிறம் என்பதால் எலும்பும் அப்படித்தான் இருக்கும் என்று நண்பர் நினைக்கிறார் போல. நல்ல மண்டையாக இருந்தால், ஒப்பிட நல்ல தரவும் இருந்தால், எந்தப் பெரும் பகுதி மக்களோடு அதிகம் ஒத்துப்போகிறது என்று நிகழ்தகவாகச் சொல்லலாம். சாதி? பக்கத்துப் பக்கத்துத் தெருவில் ஒரே அரிசி தின்று வளர்ந்த இருவரின் எலும்பில் அதைத் தேடினால் தேடுகிறவருடைய சாதிதான் தெரியும்.

நண்பரிடம் இன்னொன்றும் சொல்லுங்கள். ரிஸ்லி வகையறா அளந்த அதே மூக்கிலிருந்தும் தலையிலிருந்தும் உருப்படியான ஒன்றும் பிறந்தது. 1920-இல் நாக்பூர் அறிவியல் மாநாட்டில் விலங்கியலாளர் நெல்சன் அன்னண்டேல், கல்கத்தா ஆங்கிலோ-இந்தியர்களின் உடல் அளவுகளை பிரசாந்த சந்திர மகாலனோபிஸிடம் கொடுத்து, இதைக் கொஞ்சம் பார்த்துச் சொல்லும் என்றார். அதில் தொடங்கிய ஆராய்ச்சி 1936-இல் டி-ஸ்கொயர் என்ற தூரக் கணக்கில் வந்து நின்றது. இரண்டு கூட்டத்துக்கு இடையே எவ்வளவு தூரம் என்று கேட்டால் ஒவ்வோர் அளவின் வித்தியாசத்தையும் சும்மா கூட்டக் கூடாது. கால் நீண்டவருக்குக் கையும் நீளும். இரண்டையும் தனித்தனியாகக் கூட்டினால் ஒரே சேதியை இரண்டு முறை எண்ணிய மாதிரி. அந்த ஒட்டுறவைக் கழித்துவிட்டுத் தூரம் சொல்வதுதான் டி-ஸ்கொயர். 1946-இல் அவர் தம்மிடம் இருந்த சி. ஆர். ராவை கேம்பிரிட்ஜுக்கு அனுப்பினார், சூடானின் ஜெபல் மோயாவில் தோண்டியெடுத்த எலும்புகளை இந்த முறையில் ஆராய. எலும்பு அளக்கப் போன பிள்ளை உலகப் புள்ளியியல் மேதையாகத் திரும்பி வந்தார். இன்று கம்ப்யூட்டரில் எதையெதையோ வகைபிரிக்கிறவர்கள் தினமும் மகாலனோபிஸ் பெயரைத் தட்டுகிறார்கள். தொடங்கிய இடம் கல்கத்தாக்காரர்களின் தலை.

டி.வி. தொடரில் ஓர் எலும்பைக் கையில் எடுத்ததும் "பெண், 28 வயது, ஐந்தடி மூன்று" என்கிறார்களே?
*– வாசகி, நாகர்கோவில்*

தொடருக்கு அரை மணி நேரம்தானே இருக்கிறது.

ஆணா பெண்ணா என்பதை இடுப்பெலும்பு நன்றாகச் சொல்லும். அதன் பின்பக்கத்தில் ஒரு பெரிய வெட்டு உண்டு. கட்டை விரலை அதில் வைத்துப் பாருங்கள் என்போம். விரல் இறுகி நின்றால் பெரும்பாலும் ஆண், ஆட இடமிருந்தால் பெண். முன்பக்கத்தில் பார்க்க வேண்டிய மூன்று அடையாளங்களை 1969-இல் ஃபெனிஸ் எழுதிவைத்தார், இன்றும் அதைத்தான் கற்பிக்கிறோம். மண்டையோடு இரண்டாம் பட்சம். குழந்தை எலும்பென்றால் வடிவத்தை வைத்துச் சொல்லாமல் இருப்பதே நாணயம்.

உயரத்துக்கு வருகிறேன், இதில் ஒரு கதை இருக்கிறது. மில்ட்ரெட் ட்ராட்டர் என்ற அமெரிக்க அம்மையார் இரண்டாம் உலகப் போரில் இறந்த வீரர்களின் கைகால் எலும்புகளை அளந்தார். வீரர்களின் உயரம் ராணுவக் கணக்கில் இருந்தது. இரண்டையும் இணைத்து 1952-இல் கிளெசரோடு சேர்ந்து வாய்ப்பாடு கொடுத்தார். உலகம் முழுக்கத் தடயவியல்காரர்களுக்கு அது வேதம். நானும் மனப்பாடம் செய்தேன். 1990-களில் ரிச்சர்ட் ஜான்ட்ஸ் குழுவுக்கு ஒரு சந்தேகம் வந்தது. ஒரே ஆளின் தொடையெலும்பை வைத்துப் பார்த்தால் ஓர் உயரம், முழங்காலுக்குக் கீழே இருக்கும் டிபியாவை வைத்துப் பார்த்தால் அதைவிட அதிகம். வீரர்களுடையவை தவிர ட்ராட்டர் அதே ஆய்வுக்கு அளந்த வேறு எலும்புகள் ஒரு சேகரிப்பில் பத்திரமாக இருந்தன. மறுபடி அளந்தார்கள். உங்கள் கணுக்காலின் உட்பக்கம் ஓர் எலும்பு மொளி துருத்திக்கொண்டிருக்கும், தடவிப் பாருங்கள். அது டிபியாவின் நுனி. அதையும் சேர்த்து அளக்க வேண்டும் என்று ட்ராட்டர் எழுதியிருந்தார். அளந்தபோது அதை விட்டுவிட்டு அளந்திருந்தார். எலும்புக்கு 10 முதல் 12 மில்லிமீட்டர் குறைவு. அவர் எழுதியபடி ஒழுங்காக அளந்து அந்த வாய்ப்பாட்டில் போட்டவர்களுக்கெல்லாம் ஆள் இரண்டரை, மூன்று சென்டிமீட்டர் நெட்டையாகிவிட்டார். 40 வருஷம்! காணாமல்போன ஒருவரை "இந்த உயரம் இல்லையே" என்று ஒதுக்கிவிட அந்த மூன்று சென்டிமீட்டர் போதும்.

ட்ராட்டரைக் குறை சொல்ல எனக்கு வாய் வரவில்லை. ஏன் என்பதைக் கடைசிக் கேள்வியில் சொல்கிறேன்.

ராத்திரி தனியாக மண்டையோட்டோடு இருக்கப் பயமாக இருக்காதா?
*– ஏழாம் வகுப்பு மாணவி, அரியலூர்*

இல்லை கண்ணு. கரண்டு போனால்தான் பயம். அளந்த எண்ணை எங்கே எழுதினோம் என்று தெரியாது.

எனக்கும் இதைக் கற்க ஆசை. மண்டையோடு எங்கே வாங்குவது?
*– இளங்கலை மாணவி, காரைக்குடி*

வாங்காதீர்கள். மனித எலும்பு கடைச்சரக்கு இல்லை. யாரோ ஒருவருடைய அம்மாவோ அப்பாவோ. வந்த வழி தெரியாத எலும்பில் படிப்பும் வராது. நான் மாணவியாக இருந்த இடத்தில், அதன் பெயர் வேண்டாம், 17-ஆம் நம்பர் பெட்டி எனக்குக் கொடுத்தார்கள். மூன்று வாரம் அதில் முகத்தின் உயரம் அளந்தேன். கீழ்த்தாடை பள்ளத்தில் உட்காரவே இல்லை, ஒரு பக்கம் எழும்பி நின்றது. கேட்டதற்கு "பழைய எலும்பு அப்படித்தான் இருக்கும், போடு" என்றார்கள். ஒரு நாள் ஜன்னல் வெளிச்சத்தில் பல்லைப் பார்த்தேன். மேல் கடைவாய்ப்பல் அம்மிக்கல் மாதிரி தேய்ந்து மழுங்கியிருந்தது. கீழ்ப்பல்லின் முனைகளோ நேற்று முளைத்தவை போலக் கூராக இருந்தன. கிழவரின் மண்டைக்கு யாரோ ஒரு இளவட்டத்தின் தாடை! என் நோட்டில் இருந்த 21 நாள் எண்களும் உலகத்தில் இல்லாத ஓர் ஆளுடையவை.

இலையில் தொடங்குங்கள். பூவரச இலை 20 பறித்து, நிழலில் புத்தகத்துக்கு நடுவே அழுத்தி, பக்கத்தில் ஸ்கேல் வைத்து நேர் மேலிருந்து செல்பேசியில் படம் எடுங்கள். இரண்டடியாவது தள்ளி நின்று, ஜூம் செய்து எடுக்க வேண்டும். கிட்டத்தில் எடுத்தால் நடு உப்பி ஓரம் சுருங்கும். காம்பு ஒட்டும் இடம், நுனி, இரண்டு தோள்கள் என்று புள்ளி வையுங்கள். புள்ளி வைக்க டிபிஎஸ்-டிக், கணக்குப் போட மார்ஃபோ-ஜே, இரண்டும் இலவச மென்பொருள். அப்புறம் ஆர்வம் வந்தால் 'ஆர்' என்ற கணினி மொழியில் ஜியோமார்ஃப் இருக்கிறது.

அடுத்து அரச இலை ஐந்தாறு சேருங்கள். அதன் வால் நீண்டிருக்கும். ப்ரோக்ரஸ்டீஸ் ஓட்டிப் பார்த்தால் வால் மட்டுமா மாறியிருக்கும்? தோளும் காம்பும்கூட நகர்ந்தது போலத் தெரியும். ஒரு புள்ளி மட்டும் தூர ஓடினால் இந்தக் கணக்கு அதன் பழியை எல்லாப் புள்ளிகளுக்கும் பிரித்துக் கொடுத்துவிடும். மூக்கு நீண்ட பொம்மையின் பெயரால் இதைப் பினோக்கியோ சிக்கல் என்பார்கள். இதை இலையில் ஒரு முறை பார்த்துவிட்டால் பிற்பாடு மண்டையில் ஏமாற மாட்டீர்கள்.

இப்போது ட்ராட்டர் விஷயம். என் முதல் வருஷத்தில் 40 மண்டைகளை அளந்து, இரண்டு வாரம் கழித்துப் பழைய நோட்டைப் பார்க்காமல் மறுபடி அளக்கச் சொன்னார்கள். தலையின் அகலம் ஒரு மில்லிமீட்டருக்குள் ஒத்துப்போனது. பெருமையாக இருந்தது. கண்குழியின் அகலம்? மூன்று மில்லிமீட்டர் வரை ஆடியது. முதல் தடவை உள்விளிம்பில் எலும்புகள் சந்திக்கும் புள்ளியில் காலிப்பரை வைத்திருக்கிறேன், இரண்டாம் தடவை அதற்குச் சற்றுப் பின்னால் இருக்கும் வரம்பில். இரண்டு முறையும் சரியாக வைத்ததாகவே நினைத்தேன். அந்தக் கண்குழி அளவை வைத்து ஆணுக்கும் பெண்ணுக்கும் இரண்டு மில்லிமீட்டர் வித்தியாசம் என்று அதற்குள் ஒரு பத்தி எழுதிவிட்டேன். என் கை ஆடியது மூன்று!

அதனால் உங்கள் 20 இலைக்கும் இந்தத் திங்கட்கிழமை புள்ளி வையுங்கள். கோப்பை மூடிவிடுங்கள். அடுத்த திங்கள் படங்களைக் கலைத்துப்போட்டு, பழைய கோப்பைத் திறக்காமல் மறுபடி வையுங்கள். இரண்டையும் ஒன்றாகப் போட்டு, ஒரே இலையின் இரண்டு தடவைக்கு நடுவே எவ்வளவு தூரம், இரண்டு வெவ்வேறு இலைகளுக்கு நடுவே எவ்வளவு தூரம் என்று பாருங்கள். இரண்டு எண்ணையும் இதழ் முகவரிக்கு எனக்கு எழுதி அனுப்புங்கள். முதல் எண் பெரிசாக வந்தால் வெட்கப்பட்டு மறைக்க வேண்டாம், எந்தப் புள்ளி ஆடியது என்று சேர்த்து எழுதுங்கள். காம்பு ஒட்டும் இடமாகத்தான் இருக்கும் என்று பந்தயம் கட்டுகிறேன்.